ஒரே கோர்ட்டு, ஐந்து ஜெர்சி

போன வருஷம் குடியாத்தத்திலிருந்து ஓர் அக்கா என்னைத் தேடி வந்தார். 1990-களின் கடைசியில் வேலூரில் பி.காம். படித்தபோது கல்லூரிக்கும் பல்கலைக்கழகத்துக்கும் கூடைப்பந்து ஆடியவர். வீடு மாறியதில் சான்றிதழ் ஃபைல் தொலைந்துவிட்டது. பள்ளிக்கூடம் ஒன்றில் கோச் வேலை இருக்கிறது, சான்றிதழ் கேட்கிறார்கள், நகல் வாங்க வேண்டும்.

"காலேஜ் திருவள்ளுவர் யுனிவர்சிட்டியிலதானே இருக்கு தம்பி, சேர்க்காட்டுக்கு ஒரு நடை போய்ட்டு வந்தா போதும்ல?"

"அக்கா, நீங்க ஆடினப்ப அந்த யுனிவர்சிட்டியே பொறக்கல. உங்க பேரு சேப்பாக்கத்துலதான் இருக்கும்" என்றேன்.

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ஜெர்சி முதுகுல மெட்ராஸ் யுனிவர்சிட்டின்னு இருந்ததே. எப்படி மறந்தேன் பாருங்க."

அவர் மறந்ததில் தப்பே இல்லை. வேலூர்ப் பக்கம் 'பல்கலைக்கழகப் பெண்கள் கூடைப்பந்து அணி' என்று ஒன்றைச் சொன்னால், எந்தப் பல்கலைக்கழகம், எந்த வருஷம் என்று உடனே கேட்க வேண்டியிருக்கிறது. ஊரும் கல்லூரியும் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. ரிங்கும் தரையிலிருந்து அதே 3.05 மீட்டர் உயரத்தில்தான் தொங்குகிறது. ஜெர்சியில் எழுதியிருக்கும் பெயர் மட்டும் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. இங்கே இந்த அணியின் கதையைச் சொல்வதென்றால், முக்கால்வாசி அந்தப் பெயர் மாறிய கதைதான்.

இன்றைக்குச் சாயங்காலம் ஐந்து மணிக்கு ஊரில் உள்ள ஏதாவது ஒரு சிமெண்ட் கோர்ட்டில் பத்துப் பெண்கள் கலந்து ஆடுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். காட்பாடி ஆக்சிலியம் கல்லூரியிலோ ஊருக்குள் டி.கே.எம். கல்லூரியிலோ படிப்பவர் திருவள்ளுவர் பல்கலைக்கழகத்துக்கு ஆட வேண்டியவர். வி.ஐ.டி.யில் படிப்பவருக்கு வி.ஐ.டி.யே பல்கலைக்கழகம். வேறு பொறியியல் கல்லூரி என்றால் அண்ணா பல்கலைக்கழகம். பாகாயத்தில் சி.எம்.சி. கல்லூரியில் எம்.பி.பி.எஸ். படிக்கும் பெண்ணுக்கு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகம். பி.எட். படிப்பவர் ஆசிரியர் கல்வியியல் பல்கலைக்கழகத்தின் ஆள். சட்டக் கல்லூரிப் பெண் ஒருத்தி வந்து சேர்ந்தால் கணக்கு ஆறாகிவிடும். தினமும் ஒருத்திக்கொருத்தி பாஸ் கொடுத்து ஆடும் இவர்கள், டிசம்பர் வாக்கில் எங்கோ ஓர் ஊரில் எதிரெதிர் அணியில் நிற்கலாம்.

1987-க்கு முன்னால் இந்தக் குழப்பமே கிடையாது. வட ஆற்காடு மாவட்டத்தில் கலைக் கல்லூரி, மருத்துவக் கல்லூரி, 1984-இல் தொடங்கிய வேலூர் பொறியியல் கல்லூரி எல்லாமே சென்னைப் பல்கலைக்கழகத்தின் கீழ்தான் இருந்தன. எல்லோருக்கும் ஒரே ஜெர்சி. அதை மாட்டிக்கொள்ள ஒரு பெண் என்ன பாடுபட வேண்டியிருந்தது என்பதைச் சொல்வதற்கு முன்னால், இந்த ஆட்டம் எங்கிருந்து கிளம்பியது என்று கொஞ்சம் பார்த்துவிடலாம். அங்கேயும் நம்ம ஊர் ஆள் ஒருவர் வருகிறார்.

1891 டிசம்பரில் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்து ஸ்பிரிங்ஃபீல்டில், ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளி ஆசிரியர் ஜேம்ஸ் நெய்ஸ்மித், குளிர்காலத்தில் பையன்களை உள்ளுக்குள் ஓடவைக்க ஒரு வழி தேடி, பீச் பழக் கூடை இரண்டைப் பால்கனி விளிம்பில் மாட்டி 13 விதி எழுதினார். சில மாதங்களிலேயே, பக்கத்தில் நார்தாம்ப்டனில் இருந்த ஸ்மித் பெண்கள் கல்லூரியின் உடற்பயிற்சி ஆசிரியை செண்டா பெரன்சன் அதை எடுத்துத் தன் மாணவிகளுக்கு ஏற்றபடி மாற்றினார். 1893 மார்ச்சில் முதலாம் ஆண்டுக்கும் இரண்டாம் ஆண்டுக்கும் ஆட்டம் நடந்தது. வேடிக்கை பார்க்க ஆண்களுக்கு அனுமதி இல்லை. தொடக்கத்தில் பந்தை மேலே தூக்கிப்போட்டபோது பெரன்சனின் கை பட்டு, நடுவில் நின்ற மாணவியின் தோள்மூட்டே இறங்கிவிட்டதாம். கல்லூரிப் பெண்களின் முதல் ஆட்டத்தில் முதல் காயம் பி.டி. மிஸ்ஸால் வந்தது.

இந்த ஸ்பிரிங்ஃபீல்டு, நார்தாம்ப்டன் இரண்டும் கனெக்டிகட் ஆற்றங்கரை ஊர்கள். அதே ஆற்றில் இன்னும் மேலே போனால் நார்த்ஃபீல்டு வரும். அங்கே இருந்த பெண்கள் பள்ளியில் படித்தவர்தான் ராணிப்பேட்டையில் பிறந்த ஐடா ஸ்கடர். தாயாருக்கு உடம்பு சரியில்லை என்று 1890-இல் அவர் திண்டிவனத்துக்குக் கப்பல் ஏறியபோது, அந்தக் கரையில் பந்து இன்னும் கூடைக்குள் விழவில்லை. ஓராண்டில் தவறவிட்டார். பாலாற்றங்கரைக்கு வந்து வேலூர் சி.எம்.சி. மருத்துவமனையைக் கட்டி, 1918-இல் பெண்களுக்கென்றே மருத்துவப் பள்ளி தொடங்கிய அவர் கையில் எடுத்தது டென்னிஸ் மட்டையைத்தான். வயதான பிறகும் விடவில்லை.

பெரன்சனின் விதிகள் வேடிக்கையானவை. கோர்ட்டை மூன்றாகப் பிரித்து, அவரவர் பகுதியை விட்டு வெளியே ஓடக்கூடாது என்றார். பந்தைப் பிடுங்கக்கூடாது, மூன்று நொடிக்கு மேல் வைத்திருக்கக்கூடாது. பெண்ணுக்கு மூச்சு வாங்கிவிடும் என்ற பயம். 1896-இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகப் பெண்கள் பெர்க்லி பெண்களை வென்றபோது ஸ்கோர் 2-1. அப்படி ஆடினால் வேறென்ன வரும்! இந்தப் பயம் லேசில் போகவில்லை. அயோவா மாநிலப் பள்ளிகளில் பெண்கள் 1993 வரைக்கும் பாதிக் கோர்ட்டில் ஓடும் ஆறு பேர் ஆட்டத்தைத்தான் ஆடிக்கொண்டிருந்தார்கள். ஒலிம்பிக்கில் ஆண்கள் கூடைப்பந்து 1936-இல் வந்தது. பெண்களுக்கு 1976 வரை காத்திருப்பு.

நம்ம பக்கம் ஆட்டத்தைப் பரப்பியதில் ஒய்.எம்.சி.ஏ.வுக்குப் பெரிய பங்கு. ஸ்பிரிங்ஃபீல்டில் படித்த ஹாரி குரோ பக் 1920-இல் சென்னையில் உடற்கல்விக் கல்லூரி தொடங்கினார். அங்கே பயின்ற ஆசிரியர்கள் ஊர் ஊராக வேலைக்குப் போனார்கள், போன இடத்தில் கம்பம் நட்டார்கள். வட ஆற்காட்டில் மிஷன் பள்ளிகளுக்குக் குறைவில்லை. அதன்பின் பெண்கள் கல்லூரிகள் வந்தன. 1954-இல் ஆக்சிலியம், 1972-இல் டி.கே.எம். பெண்களுக்கு மட்டும் என்று ஒரு கல்லூரி இருப்பதில் விளையாட்டுக்கு ஒரு லாபம் உண்டு. கோர்ட்டுக்காகப் பையன்களோடு மல்லுக்கட்ட வேண்டாம். சாயங்காலம் நாலரைக்குப் பந்து வெளியே வந்தால் ஆறு மணி வரை அது இவர்களுடையதுதான்.

சரி, பல்கலைக்கழக அணி என்பது என்ன? கல்லூரி அணிக்கு ஒரு முகம் உண்டு. கல்லூரி, மைதானம், பி.டி. மிஸ், சீனியர், ஜூனியர் என்று ஆண்டு முழுக்க ஓடும். பல்கலைக்கழக அணி அப்படி இல்லை. அது வருஷத்தில் சில வாரம் மட்டும் உயிரோடு இருக்கும் அணி. முதலில் கல்லூரிகளுக்கு இடையே மண்டலப் போட்டி. மண்டலத்தில் ஜெயித்தவர்கள் அடுத்த கட்டத்தில் மோதுவார்கள். அங்கே ஓரமாக நாற்காலி போட்டுத் தேர்வுக் குழு உட்கார்ந்திருக்கும். ஆட்டம் முடிந்ததும் ஒரு பட்டியல் வாசிப்பார்கள். அதில் உள்ளவர்களை வைத்துக் கேம்ப் நடத்துவார்கள். கேம்ப் முடியும்போது 12 பேர் மிஞ்சுவார்கள். அந்த 12 பேரும் ரயில் ஏறி 'சவுத் சோன்' போட்டிக்குப் போவார்கள். தமிழ்நாடு, கேரளம், கர்நாடகம், ஆந்திரம், தெலங்கானா, புதுச்சேரியின் பல்கலைக்கழகங்கள் அங்கே வரும். இந்தியப் பல்கலைக்கழகங்கள் சங்கம் நடத்துவது. 1925-இல் 'இன்டர் யுனிவர்சிட்டி போர்டு' என்று தொடங்கி, 1973-இல் இந்தப் பெயருக்கு மாறிய அமைப்பு.

தென்மண்டலத்தில் முதல் கட்டம் நாக்-அவுட். தோற்றால் அதோடு பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். தோற்காமல் மிஞ்சும் நான்கு அணிகளுக்கு மட்டும் லீக் ஆட்டம், அந்த நான்குக்குத்தான் அகில இந்தியப் போட்டிக்கு இடம். ராத்திரி முழுக்க ரயிலில் போய், நாற்பது நிமிஷம் ஆடி, அடுத்த ராத்திரி ரயிலில் திரும்பிய அணிகள் ஏராளம். திரும்பி வந்ததும் ஜெர்சியைத் துவைத்துக் கொடுத்துவிட்டு அவரவர் ஊருக்குப் பஸ் பிடிப்பார்கள். அணி அத்தோடு கலைந்துவிடும். அடுத்த வருஷம் புதிதாக 12 பேர்.

இப்போது அந்த ஒற்றை ஜெர்சிக் காலத்துக்கு வருவோம். சென்னைப் பல்கலைக்கழகம் 1857-இல் தொடங்கியது. அதன் கீழ் இருந்த கல்லூரிகளில் கூடைப்பந்தில் பலமானவை பெரும்பாலும் சென்னையில். அங்கே ஆடும் பெண்கள் ஒருவரையொருவர் பள்ளி நாளிலிருந்தே பார்த்து வளர்ந்தவர்கள், லீக் ஆட்டங்களில் வாரக்கணக்கில் மோதியவர்கள். வட ஆற்காட்டிலிருந்து போகும் பெண்ணோ, செலக்‌ஷனில் கிடைக்கும் ஒன்றிரண்டு நாளுக்குள் தன் கையில் என்ன இருக்கிறது என்று காட்டியாக வேண்டும். ஆட்டம் நன்றாக வந்தால்கூட, தங்குவது எங்கே, கூட வருவது யார், வீட்டில் விடுவார்களா என்ற கேள்விகள் முன்னால் நிற்கும். ஐந்தடி நான்கங்குலப் பெண் தெருவில் டிராக் பேண்ட் போட்டு நடந்தாலே திரும்பிப் பார்க்கும் காலம். மொத்த மாவட்டத்துக்கும் ஓராண்டில் ஓர் இடம் கிடைத்தால் அதுவே பெரிய விஷயம். கலைக் கல்லூரிகளுக்கு 1990-களிலும் இதே நிலைமைதான்; குடியாத்தத்து அக்கா அப்படி உள்ளே போனவர்.

பிறகு பிரிவினை தொடங்கியது. 1987-இல் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகத்துக்குச் சட்டம் வந்து மருத்துவக் கல்லூரிகள் தனியாகப் போயின. 2001-இல் வேலூர் பொறியியல் கல்லூரி நிகர்நிலைப் பல்கலைக்கழகமாகி வி.ஐ.டி. ஆனது. அதே காலத்தில் மற்றப் பொறியியல் கல்லூரிகளும் அண்ணா பல்கலைக்கழகத்தின் கீழ் போய்ச் சேர்ந்தன. 2002-இல், வேலூர்க் கோட்டைக்குள் இருந்த சென்னைப் பல்கலைக்கழக முதுநிலை மையம் திருவள்ளுவர் பல்கலைக்கழகமாக உருவெடுத்தது. வேலூர், திருவண்ணாமலை, விழுப்புரம், கடலூர் மாவட்டக் கல்லூரிகள் அதன் கீழ் வந்தன. கோட்டையிலிருந்து சேர்க்காட்டுக்கு இடம் மாறியது பிற்பாடு. 2021-க்குப் பிறகு விழுப்புரம், கடலூர்க் கல்லூரிகள் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்துவிட்டன. மாவட்டக் கதையும் இதே மாதிரிதான். 1989-இல் வட ஆற்காடு இரண்டாகி, 1996-இல் வேலூர் என்று பேர் மாறி, 2019-இல் வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் என்று மூன்றானது.

நிர்வாகக் கோப்பில் இதெல்லாம் வெறும் அரசாணை. கோர்ட்டில் நின்று பார்த்தால், ஒவ்வொரு பிரிவினையும் 12 புது இடம். சென்னையின் 12-இல் ஒன்றுக்காக ஏங்கிய ஊருக்கு, சொந்தமாகவே ஒரு 12 வந்தது. வாணியம்பாடியிலும் ஆற்காட்டிலும் செய்யாற்றிலும் படிக்கும் பெண் கனவு காணத் துணிந்தது அதற்குப் பிறகுதான் என்பது என் அபிப்பிராயம். 'பல்கலைக்கழகத்தை உடைத்ததால் அணியின் தரம் போச்சு' என்று பழைய ஆட்டக்காரர்கள் சிலர் அங்கலாய்ப்பார்கள். கோப்பைக் கணக்கை மட்டும் பார்த்தால் அவர்கள் சொல்வதில் நியாயம் உண்டு. எனக்குக் கோப்பைக் கணக்கைவிட 12 என்ற கணக்கு பெரிதாகப் படுகிறது.

தரம் ஏன் குறைகிறது என்பதையும் சொல்ல வேண்டும். ஒரே வளாகத்தில் இருக்கும் பல்கலைக்கழகத்துக்கு வசதி அதிகம். ஆட்டக்காரர்களைத் தேடிப்பிடித்து, ஃபீஸில் சலுகை கொடுத்து, ஹாஸ்டலில் சேர்த்து, ஒரே கோச்சின் கீழ் ஆண்டு முழுக்க வைத்திருக்கலாம். சென்னைப் பக்கம் எஸ்.ஆர்.எம். மாதிரியான இடங்கள் பெண்கள் கூடைப்பந்தில் எழுந்தது இந்த வழியில்தான். இணைப்புக் கல்லூரிகளை வைத்துக்கொண்டிருக்கும் பல்கலைக்கழகத்தின் நிலைமை வேறு. பந்தைக் கொண்டுபோய் ஆட்டத்தை நடத்தும் பாயிண்ட் கார்டு திருவண்ணாமலையில், கூடைக்குப் பக்கத்தில் நின்று ஆடும் பிவட் திருப்பத்தூரில், நன்றாக ஷூட் பண்ணுகிறவள் காட்பாடியில். இவர்கள் முதன்முதலாக ஒரே பக்கம் நின்று ஆடுவதே கேம்பில்தான். கண்ணைக் காட்டினால் பந்து எங்கே வரும் என்று தெரிய ஒரு வருஷமாவது ஆகும். இவர்களுக்குக் கிடைப்பது பத்துப் பதினைந்து நாள்.

படிப்புக் காலமும் குறுக்கே நிற்கும். பி.ஏ., பி.காம். மூன்று வருஷம். முதல் வருஷம் பெஞ்ச், இரண்டாம் வருஷம் ஆட்டம், மூன்றாம் வருஷம் கேப்டன், அதோடு போய்விடுவாள். அதனால்தான் நல்ல ஆட்டக்காரி ஒருத்தி திடீரென்று எம்.ஏ. சேர்வதைப் பார்க்கலாம். இன்னும் இரண்டு சீசன் கிடைக்குமே! வயது 25-ஐத் தாண்டக்கூடாது என்பது மேல்வரம்பு. நவம்பரில் செமஸ்டர் தேர்வும் வடகிழக்குப் பருவமழையும் சேர்ந்து வரும். திறந்தவெளிக் கோர்ட்டில் தண்ணீர் தேங்கினால் பயிற்சி இல்லை. தண்ணீர் வடிந்த நாளில் தேர்வு இருக்கும். ஓ.டி. (ஆன் டியூட்டி) எழுதி வாங்குவதே தனிக் கலை. பந்தயத்துக்குப் போன நாட்களுக்கு வருகை போட்டுத் தரச் சொல்லி, துறைத் தலைவர் அறைக்கு வெளியே கையில் கடிதத்தோடு நிற்கும் பெண்ணைப் பார்த்திருப்பீர்கள்.

நான் பெரிய ஆட்டக்காரன் இல்லை. பல வருஷம் டேபிளில் உட்கார்ந்து ஸ்கோர் எழுதியவன். அந்தத் தாளை வாசிக்கத் தெரிந்துவிட்டால் பாதி வரலாறு கைக்கு வந்துவிடும், அதனால் கொஞ்சம் விளக்குகிறேன். முதல், மூன்றாம் கால் பகுதிக்குச் சிவப்புப் பேனா. இரண்டாம், நான்காம் பகுதிக்கு நீலம் அல்லது கறுப்பு. நடுவில் 1, 2, 3 என்று எண்கள் வரிசையாக இறங்கும். கூடை விழுந்தால் போட்டவளின் ஜெர்சி எண்ணை எழுதி, ஸ்கோர் எண்ணின் மேல் ஒரு சாய்ந்த கோடு. மூன்று புள்ளிக் கூடை என்றால் ஜெர்சி எண்ணைச் சுற்றி ஒரு வட்டம். ஃபிரீ த்ரோ என்றால் அழுத்தமாக ஒரு கறுப்புப் புள்ளி. பெயருக்கு எதிரே ஐந்து கட்டங்கள், ஒவ்வொரு ஃபவுலுக்கும் ஒரு கட்டம் நிரம்பும், ஐந்தும் நிரம்பினால் வெளியே. அப்போதெல்லாம் ஜெர்சி எண் 4-இல் தொடங்கி 15-இல் முடியும். நடுவர் ஒன்று, இரண்டு, மூன்று விரல் காட்டும்போது அது புள்ளியா, ஆட்டக்காரியின் எண்ணா என்று குழம்பக்கூடாது என்பார்கள். 2014-இல்தான் அந்தக் கட்டுப்பாட்டைத் தளர்த்தினார்கள்.

ஒரு கல்லூரிப் போட்டியில் ஏழு பேரை மட்டும் கூட்டிக்கொண்டு ஓர் அணி வந்தது. மற்றவர்களுக்கு இன்டர்னல் தேர்வு. பாதி ஆட்டத்திலேயே இருபது புள்ளிக்கு மேல் பின்தங்கிவிட்டார்கள். மூன்றாம் பகுதியில் ஒருத்தி ஐந்து ஃபவுல் வாங்கி வெளியேறினாள். நான்காம் பகுதியில் இன்னும் இரண்டு பேர். மிச்சம் நான்கு பேர். கேலரியில் இருந்தவர்கள் ஆட்டம் முடிந்தது என்று எழுந்தார்கள். விதி அப்படி இல்லை. ஐந்து பேர் இருந்தால்தான் தொடங்க முடியும். தொடங்கிய பிறகு இரண்டு பேர் மிஞ்சும்வரை ஆடலாம். அந்த நான்கு பேர் ஆடினார்கள். 9-ஆம் எண் பெண் பந்தை விட்டுக்கொடுக்கவே இல்லை. எதிரணியின் ஐந்து பேர் நெருக்கிப் பிரஸ் பண்ண, நடுவில் நுழைந்து லே-அப் போட்டாள். என் தாளில் கீழ்ப்பகுதி முழுக்க 9, 9, 9 என்று நீலத்தில் இறங்கியது. நான்கு ஃபவுலோடு, ஐந்தாவதை வாங்காமல் ஏழு நிமிஷம் தடுத்தும் ஆடினாள். தோல்விதான், அதுவும் பெரிய தோல்வி.

சாயங்காலம் பட்டியல் வாசித்தபோது அந்த 9-ஆம் எண் அதில் இருந்தது. அவள் கூட ஆடிய ஒருத்தியும் இல்லை. இணைப்புப் பல்கலைக்கழகத்தின் அழகு இதில்தான் இருக்கிறது. தோற்றுப்போன கல்லூரியிலிருந்தும் ஒருத்தியைப் பொறுக்கி எடுக்கும். தனி வளாகப் பல்கலைக்கழகத்தில் அந்தப் பேச்சுக்கே இடமில்லை. அங்கே உள்ளே சேரும்போதே தேர்வு முடிந்திருக்கும்.

பந்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. பெண்கள் ஆட்டத்துக்கு இப்போது 6-ஆம் எண் பந்து; ஆண்களின் 7-ஆம் எண் பந்தைவிடச் சுற்றளவிலும் எடையிலும் கொஞ்சம் குறைவு. சர்வதேச விதியில் இந்த மாற்றம் 2004-இல்தான் வந்தது. அதுவரை பெண்களும் 7-ஆம் எண் பந்தில்தான் ஆடினார்கள். குடியாத்தத்து அக்கா ஆடியது முழுக்க அதில்தான். ஊர்க் கோர்ட்டில் பையன்களோடு கலந்து ஆடும் பெண்கள் இன்றைக்கும் 7-இல் பழகிவிட்டு, போட்டியில் 6-ஐக் கையில் வாங்கியதும் முதல் நாலு ஷாட்டை போர்டுக்கு மேலே வீசுவார்கள். ரெண்டு பந்தையும் ஒரே வலைப்பையில் போட்டு வைக்காதீர்கள் என்று பி.டி. ஆசிரியர்களிடம் கெஞ்சிப் பார்த்திருக்கிறேன்.

தரை இன்னொரு சங்கடம். பெரிய போட்டிகள் மரத்தளத்தில் நடக்கின்றன. நம்ம பெண்கள் வளர்வது சிமெண்டில். மே மாதம் வேலூர் வெயில் 42 டிகிரியைத் தொடும்போது மதியம் மூன்று மணிக்கு அந்தச் சிமெண்டில் உள்ளங்கை வைத்துப் பாருங்கள். எல்லாவற்றையும்விட மோசம் முழங்கால். குதித்து இறங்கித் திரும்பும்போது முழங்காலின் முன் சிலுவைத் தசைநார் கிழிவது ஆண்களைவிடப் பெண்களுக்கு இரண்டு மடங்குக்கும் மேல். இறங்கும்போது முட்டியை மடக்கி இறங்கு, முட்டி உள்பக்கம் சாயக்கூடாது என்று சொல்லிக்கொடுத்தாலே ஆபத்து நன்றாகக் குறையும். அதைச் சொல்லிக்கொடுக்கும் கோச் கிடைத்தவள் பாக்கியசாலி.

இவ்வளவு பாடுபட்டு என்ன கிடைக்கிறது? ஒரு தாள். மத்திய அரசு வேலையின் விளையாட்டு ஒதுக்கீட்டில் படிவங்களுக்கு எண் உண்டு. நாட்டுக்கு ஆடியவருக்கு ஃபார்ம் 1, மாநிலத்துக்கு ஃபார்ம் 2, பல்கலைக்கழகத்துக்கு ஃபார்ம் 3, பள்ளி அணிக்கு தேசிய அளவில் ஆடியவருக்கு ஃபார்ம் 4. ஆட்டக்காரப் பெண்கள் மத்தியில் 'அவ ஃபார்ம் த்ரீ வெச்சிருக்கா' என்றால் அதுவே பட்டம் மாதிரி. அந்தப் படிவத்தில், பல்கலைக்கழக விளையாட்டு அலுவலகத்தில் உள்ள பதிவேட்டின்படி இது வழங்கப்படுகிறது என்று ஒரு வரி இருக்கும். விளையாட்டுத் துறைக்குப் பொறுப்பான அதிகாரி நேரில் கையெழுத்துப் போட்டால்தான் செல்லும் என்று கீழே ஒரு குறிப்பும் உண்டு. பல்கலைக்கழகப் பெண்கள் அணியின் வரலாறு எங்கே இருக்கிறது என்று கேட்டால், அந்தப் பதிவேட்டில் என்றுதான் நான் சொல்வேன். கண்ணாடி அலமாரியில் இருக்கும் கோப்பைகளில் யார் பெயரும் பொறித்திருப்பதில்லை.

அந்தத் தாள் போய்ச் சேரும் இடங்களில் முக்கியமானது ரயில்வே. பெண்கள் கூடைப்பந்தில் தேசிய அளவில் பல பத்தாண்டுகளாக ரயில்வேயின் கைதான் ஓங்கியிருக்கிறது. காரணம், ஆட்டத்தோடு சம்பளம் தந்தது அதுதான். கேரளத்தின் சங்கனாச்சேரி அசம்ப்ஷன் கல்லூரியிலிருந்து வந்த கீது அன்னா ஜோஸ் சென்னைக்கு வந்து சேர்ந்தது தெற்கு ரயில்வேயில்தான். 2011-இல் அமெரிக்காவின் பெண்கள் தொழில்முறை லீக்கான டபிள்யூ.என்.பி.ஏ.வின் அணிகள் அவரைச் சோதனை ஆட்டத்துக்கு அழைத்தன. 19 வயதில் இந்திய அணிக்குக் கேப்டனாகி, 2021-இல் பத்மஸ்ரீ வாங்கிய அனிதா பால்துரையும் தெற்கு ரயில்வேதான். வேலூருக்கு அப்படி ஒரு கூடைப்பந்துப் பெயர் வாய்க்கவில்லை. இங்கே விளையாட்டு என்றால் ஊர் முதலில் சொல்வது சத்துவாச்சாரியும் பளு தூக்குதலும்தான். 2014-லும் 2018-லும் காமன்வெல்த் தங்கம் வாங்கிய சதீஷ் சிவலிங்கம் அந்தத் தெருக்களிலிருந்து வந்தவர். கூடைப்பந்துப் பெண்கள் அவருக்கு வைத்த பேனர்களைக் கடந்துதான் பிராக்டிஸுக்குப் போவார்கள்.

2020-இல் புவனேஸ்வரில் கேலோ இந்தியா பல்கலைக்கழக விளையாட்டு தொடங்கியதிலிருந்து இன்னொரு படி கூடியிருக்கிறது. பல்கலைக்கழகங்களுக்கிடையிலான போட்டியில் முதல் எட்டு இடத்துக்குள் வரும் அணிகளுக்கே அங்கே இடம். பெரிய வளாகங்கள் இதனால் இன்னும் தீவிரமாக ஆள் பிடிக்கின்றன. நம்மைப் போன்ற பல்கலைக்கழகத்துக்கு அந்த எட்டு கொஞ்சம் தூரம்தான்.

ஆனால் காட்பாடி ஜங்ஷன் பக்கத்தில் இருக்கிறது. தென்மண்டலப் போட்டி கேரளத்தில் என்றால், இரவில் திருவனந்தபுரம் மெயிலுக்குக் காத்திருக்கும் கூட்டத்தில் இவர்களை அடையாளம் கண்டுபிடிப்பது சுலபம். ஒரே நிறத்தில் டிராக் சூட், பந்துகள் பிதுங்கும் வலைப்பை, அம்மாக்கள் கட்டிக்கொடுத்த புளிச்சோறு. ஒருத்தியின் அப்பா பிளாட்பாரத்திலேயே நின்று, கூட வரும் மிஸ்ஸிடம் மூன்றாவது தடவையாக, "பாத்துக்கங்க மேடம்" என்பார்.

குடியாத்தத்து அக்கா ஒருவழியாகச் சென்னை போய், மனு கொடுத்து, சில வாரம் கழித்து நகல் வாங்கிவிட்டார். வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினார். பெயர், தகப்பனார் பெயர், கல்லூரி, போட்டி நடந்த ஊர், தேதி எல்லாம் சரியாக இருந்தது. அப்புறம் போன் பண்ணினார்.

"தம்பி, இதுல எத்தனை நிமிஷம் ஆடினேன்னு இல்லையே?"

"அதெல்லாம் போட மாட்டாங்க அக்கா."

"நல்லதாப் போச்சு. நான் பன்னெண்டாவது ஆளு. மொத்தமே நாலு நிமிஷந்தான் உள்ள விட்டாங்க." கொஞ்சம் நிறுத்தினார். "ஒரே ஒரு ஃபிரீ த்ரோ போட்டேன். கறுப்பா ஒரு புள்ளி வெப்பீங்கல்ல, அது. அந்தத் தாள் எந்த யுனிவர்சிட்டில இருக்கும்?"